இடைப்பட்ட காலம்

சேப்பாக்கம் நிலையத்தில் இறங்கும்போதே
கூவமும் கடலும் கலந்த காற்று.
இருபத்து மூன்று நாள் கழித்து
அதே படிகள், அதே மூன்றாம் மாடி,
லிஃப்டில் அதே பழுது.

வாசலில் காவலர் அடையாள அட்டை கேட்டார்.
அதைத்தான் பிடுங்கிக்கொண்டார்களே.
கையில் இருந்தவை இரண்டு தாள்கள்:
அவர்கள் கொடுத்த உத்தரவு,
நான் கொடுத்த கடிதத்தின் நகல்.
கடிதத்தில் 'மனமார' என்ற சொல்
அச்சிலேயே இருந்தது.
பெல்ஸ் ரோடு ஜெராக்ஸ் கடையில்
ஒரு ரூபாய்க்கு விற்றார்கள்.
மண்ணெண்ணெய்க்கு நிற்பதுபோல் நின்று வாங்கினோம்,
கையெழுத்து மட்டும் அவரவர் வீட்டிலிருந்து.

என் மேசை இழுப்பறையில்
யாரோ ஒருத்தியின் கொண்டை ஊசிகள் மூன்று,
பாதி தின்ற கடலைமிட்டாய்,
அதைச் சுற்றி ஒழுங்காக வரிசை கட்டிய எறும்புகள்.
வியாசர்பாடிப் பெண்ணாம்.
தொகுப்பூதியம் என்று கூப்பிட்டார்களாம்,
நேற்று சாயங்காலம் வரவேண்டாம் என்றார்களாம்.
மின்விசிறியை அணைத்துவிட்டுத்தான் போனாளாம்.
கண்காணிப்பாளர் இதை மட்டும்
இரண்டு தரம் சொன்னார்.

பணிப்பதிவேடுகள் என் பொறுப்பு.
சேர்ந்த நாள், ஊதிய உயர்வு, பேறுகால விடுப்பு, இறப்பு,
எதற்கும் ஒரு வாக்கியம் உண்டு, எனக்கு மனப்பாடம்.
பீரோவைத் திறந்தேன்.
நாற்பத்தொரு பேரும்
சிவப்பு மையில் செத்துக் கிடந்தோம்,
அவளுடைய உருண்டை எழுத்தில்,
பத்தாம் வகுப்புத் தேர்வின் சுத்தத்தோடு.

என் பக்கத்தில் மட்டும் ஒரு பிழை.
பொற்கொடி என்பதற்குக்
கால் ஒன்று கூடிப்போய்
'பொற்கோடி பணியிலிருந்து நீக்கப்படுகிறார்.'
கோடிப் பொன் வைத்திருந்தவள்
எதற்காகக் கொடி பிடிக்கப் போனாள்?
சிரிப்பு வந்தது. அடக்க முடியவில்லை.
பிறகு கோடி என்றால் வேறொரு துணியும் உண்டு
என்பது நினைவுக்கு வந்து
நின்றது.

ஒவ்வொரு பக்கத்திலும் அடுத்த வரியாக
'மு.ப. மீளப் பணியேற்றார்.
இடைப்பட்ட காலம்
தகுதியுள்ள விடுப்பாகக் கருதப்படும்.'
நாற்பது முறை எழுதினேன்.
நள்ளிரவில் நைட்டியோடு ஏற்றிக்கொண்டு போய்
புரசைவாக்கம் கல்யாண மண்டபத்தில் வைத்த
சர்புன்னிசாவின் இரண்டு இரவுகளும் விடுப்பு.
சேட்டுக் கடையில் என் சங்கிலியைத் தராசில் போட்டபோது
என் பையன் தராசு முள்ளையே பார்த்துக்கொண்டிருந்தானே,
அதுவும்.
தகுதியுள்ளது.

நாற்பத்தொன்றாவது எபிநேசர்,
ஜீப் ஓட்டுநர்.
உத்தரவில் அவர் பெயர் இல்லை.
வழக்கு இருக்கிறதாம்:
வலது கையால் கல் எறிந்தார், கண்ணாடி உடைந்தது.
பதிவேட்டைப் பின்னோக்கிப் புரட்டினேன்.
பக்கம் பதினேழு, என் கையெழுத்து, நீல மை:
'வலது தோள்மூட்டு முறிவு.
கையைத் தோளுக்கு மேல் உயர்த்த இயலாது.
இலகுப் பணி பரிந்துரை.'
ஆறு வருடத்துக்கு முன் எழுதி
நானே மறந்துபோன வரி.

காலியிடம் விட்டால்
குறுக்கே கோடு போட்டு அடைக்கவேண்டும்.
விதி அப்படி.
அவர் பெயருக்குக் கீழே நான்கு வரிகளை
அப்படியே விட்டேன்.

'இனி ஒருபோதும்' என்று
எழுதிக் கொடுத்த கடிதத்தின் நகல்
கைப்பைக்குள் மடிந்திருந்தது.
சாப்பாட்டு நேரத்தில்
பதிவேட்டை முந்தானைக்குள் வைத்துக்கொண்டு இறங்கினேன்.
அறுபத்தெட்டுப் படிகள்.
காவலர் எதுவும் கேட்கவில்லை,
இப்போது என்னிடம் அட்டை இருந்தது.

பெல்ஸ் ரோட்டில் கடைப்பையன்
நிமிர்ந்துகூடப் பார்க்காமல்
'மன்னிப்பு ஃபாரமாக்கா?' என்றான்.

'இல்லப்பா. இது வேற.
பதினேழாம் பக்கம்.
நல்லாத் தெரியற மாதிரி எடு.
மூணு.'